எழுந்தாயிற்று, இன்னும் சாகவில்லை

ஓவியர்களின் கண்காட்சிக் கையேடு கையில் கிடைத்தால் நான் கடைசிப் பக்கத்திலிருந்துதான் ஆரம்பிப்பேன். ஆளின் லட்சணம் அங்கேதான் தெரியும். பிறந்த ஊர், படித்த கல்லூரி, கும்பிட்ட குரு, வாங்கிய விருது, எந்த ஆண்டு எந்த நகரத்தில் யாரோடு சேர்ந்து படம் மாட்டினார் என்று பொடி எழுத்தில் இரண்டு பக்கம் ஓடும். ஒன் கவாரா என்ற ஜப்பானிய ஓவியரின் கையேடுகளில் அந்த இடத்தில் ஓர் எண் மட்டும் இருக்கும். கண்காட்சி திறக்கிற தேதியில் அவர் பூமியில் மொத்தம் எத்தனை நாள் இருந்திருக்கிறார் என்ற கணக்கு. அவ்வளவுதான். குரு கிடையாது, விருது கிடையாது, போட்டோ கிடையாது. பேட்டி கொடுப்பதில்லை. தன் கண்காட்சித் திறப்பு விழாவுக்கே தலைகாட்டமாட்டார்.

உடனே ‘எவ்வளவு பெரிய ஞானி’ என்று கன்னத்தில் போட்டுக்கொள்ள வேண்டாம். இதே மனிதர்தான் பதினோரு வருஷம், தினமும், இன்று எத்தனை மணிக்கு எழுந்தேன் என்று தெரிந்தவர்களுக்கெல்லாம் கார்டு போட்டவர். யார் யாரைப் பார்த்தேன் என்று பட்டியல் தட்டச்சு செய்து கோப்பில் வைத்தவர். எந்தத் தெரு வழியாக எங்கே போனேன் என்று வரைபடத்தில் சிவப்புக் கோடு போட்டவர். போதாதென்று, ‘நான் இன்னும் உயிரோடு இருக்கிறேன்’ என்று முப்பது வருஷம் தந்தி அடித்தவர். இத்தனை தகவலையும் கையில் வைத்துக்கொண்டு அவரைப் பற்றி என்ன தெரியும் என்று கேட்டால், ஒன்றும் தெரியாது. கலை விமர்சகர்கள் காலம், இருப்பு, சூனியம் என்று கனமான சொற்களைப் போட்டு அவரை மூடிவைத்துவிட்டார்கள். எனக்கென்னவோ இவர் இருபதாம் நூற்றாண்டின் நல்ல நகைச்சுவையாளர்களில் ஒருவர் என்றுதான் படுகிறது. முகத்தில் சிரிப்பைக் காட்டாமல் ஜோக் சொல்கிற ரகம். இவர் ஒரு படி மேலே போய் முகத்தையே காட்டவில்லை.

ஆரம்பக் கதையைச் சுருக்கமாக முடித்துவிடலாம். 1932 டிசம்பர் 24 அன்று ஜப்பானில் ஐச்சி மாநிலத்து கரியாவில் பிறந்தார். பழைய குறிப்புகள் சிலவற்றில் 1933 என்று இருக்கும். ஆசாமி வாயைத் திறக்காததால் வந்த வினை. ஹிரோஷிமாவில் குண்டு விழுந்தபோது அவருக்குப் பன்னிரண்டு வயது. 1951-ல் பள்ளிப்படிப்பை முடித்துவிட்டு டோக்கியோவுக்குப் போனார். இரண்டு மூன்று வருஷத்துக்குள் ‘குளியலறை’ என்று 28 பென்சில் படங்கள் வரைந்தார். ஓடு பதித்த குறுகலான அறை, கோணல்மாணலாகச் சாய்ந்த சுவர்கள், உள்ளே நிர்வாண உடம்புகள், கை ஓரிடம் கால் ஓரிடம். அந்த வயதுப் பையன்கள் குளியலறைக்குள் போனால் பாட்டுப் பாடுவார்கள். போர் முடிந்து பத்து வருஷம்கூட ஆகாத ஜப்பானுக்கு அந்தப் படங்களை யாரும் விளக்கவேண்டியிருக்கவில்லை. இன்று அவை டோக்கியோவின் தேசிய நவீன கலை அருங்காட்சியகத்தில் இருக்கின்றன.

இன்னும் நாலு கை, நாலு கால் வரைந்துகொண்டிருந்தால் ஊரிலேயே பெரிய மனிதராகியிருக்கலாம். 1959-ல் மூட்டையைக் கட்டிக்கொண்டு மெக்ஸிகோவுக்குக் கிளம்பிவிட்டார். அங்கே அவருடைய அப்பா ஒரு பொறியியல் நிறுவனத்தில் இயக்குநர். தேசாந்திரியாகப் போகிறவருக்கும் அப்பா இருக்கிற ஊர் என்றால் ஒரு சௌகரியம் இருக்கத்தான் செய்கிறது. பிறகு பாரிஸ், ஸ்பெயினில் அல்டமிரா குகை ஓவியங்கள், கடைசியில் நியூயார்க்.

அறுபதுகளின் நியூயார்க்கில் ஆண்டி வார்ஹோல் சூப் டப்பாவை வரைந்து புகழ் சேர்த்துக்கொண்டிருந்தார். ராய் லிக்டென்ஸ்டைன் காமிக்ஸ் கட்டங்களைப் பெரிதாக்கிக்கொண்டிருந்தார். கவாரா இதையெல்லாம் பார்த்துவிட்டு, படமே வேண்டாம் என்ற முடிவுக்கு வந்தார். 1965-ல் ஒரு கான்வாஸில் அட்சரேகை, தீர்க்கரேகை எண்களை மட்டும் எழுதினார். அட்லஸை எடுத்துத் தேடினால் சகாரா பாலைவனத்தில் ஒரு மணல்வெளிக்குக் கொண்டுபோய் விடும். வீட்டுக் கூடத்தில் இயற்கைக் காட்சி மாட்டவேண்டும் என்று ஆசைப்படுகிறவர்களுக்கு இதுவும் இயற்கைக் காட்சிதான், போய்ப் பார்த்துக்கொள்ளவேண்டியது. அதே ஆண்டு மூன்று பலகைகள்: ஒன்றில் ‘ஒரு விஷயம்’, நடுவில் ‘1965’, அடுத்ததில் ‘வியட்நாம்’. அமெரிக்கா அங்கே தரைப்படையை இறக்கிய வருஷம். போரைப் பற்றி ஊரே கூவிக்கொண்டிருந்தபோது இவர் செலவழித்தது இவ்வளவுதான். போரை நடத்திய தலைநகரிலேயே, வாஷிங்டனின் தேசியக் கலைக்கூடத்தில், அது இப்போது இருக்கிறது.

1966 ஜனவரி 4, செவ்வாய்க்கிழமை. அன்றைக்குத்தான் கவாராவுக்கு வாழ்நாள் வேலை கிடைத்தது. அன்றைய தேதியை வரைவது.

சிரிப்பதற்கு முன் வேலையைக் கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பார்க்கலாம். பின்னணி நிறத்தை அன்றன்றைக்குப் புதிதாகக் கலக்கவேண்டும். முந்தின படத்தில் மிச்சமானது உதவாது. ஆரம்பத்தில் சிவப்பு, நீலம் எல்லாம் உண்டு. போகப் போகப் பெரும்பாலும் கறுப்பை ஒட்டிய சாம்பல். எல்லாம் ஒரே சாம்பல் என்று நினைத்துக்கொண்டு இரண்டு படங்களைப் பக்கத்தில் வைத்தால், ஒன்றில் லேசாக நீலம் ஓடும், மற்றதில் லேசாகக் காப்பிப்பொடி ஓடும். நாலைந்து பூச்சு. ஒவ்வொன்றும் காய்ந்த பிறகுதான் அடுத்தது. கான்வாஸின் பக்கவாட்டு விளிம்பிலும் பூச்சு உண்டு. அதன்பிறகு ஸ்கேலும் மூலைமட்டமும் வைத்து எழுத்துகளுக்குக் கோடு போட்டு, சின்னத் தூரிகையால் வெள்ளையை நிரப்பி, ஓரம் பிசிறினால் திருத்தி, மறுபடி வெள்ளை. ஸ்டென்சில் கிடையாது, எல்லாம் கைதான். முடிந்தபிறகு பார்த்தால் அச்சகத்தில் அடித்துக் கொடுத்த மாதிரியே இருக்கும். ஒரு மனிதர் எட்டு ஒன்பது மணி நேரம் குனிந்து உட்கார்ந்து, கைவேலை என்று யாருமே கண்டுபிடிக்க முடியாதபடி கைவேலை செய்திருக்கிறார். இத்தனைக்கும் பிறகு நமக்குக் கிடைக்கிற சேதி: இன்று ஜனவரி 4. தினசரி காலண்டரில் ஒரு தாளைக் கிழித்தால் இதையே ராகுகாலம் எமகண்டத்தோடு சேர்த்துத் தெரிந்துகொள்ளலாம்.

இதற்கு ஒரு நிபந்தனையும் வைத்திருந்தார். படம் நள்ளிரவுக்குள் முடியவேண்டும். பன்னிரண்டு அடிக்கும்போது ஓர் எழுத்து பாக்கி என்றாலும் படம் காலி, அழித்துவிடுவார். தேதியைப் போட்டுவிட்டு வேலையை மறுநாள் முடிப்பது உலகத்து அலுவலகங்கள் அத்தனையிலும் நடக்கிற காரியம். அதற்காக யாரும் கோப்பைக் கொளுத்தியதாகக் கேள்விப்பட்டதில்லை. இவரைக் கேட்க ஆளில்லை, மேலதிகாரி இல்லை, சம்பளமும் இல்லை. தனக்குத்தானே கெடு வைத்து, தவறினால் தனக்குத்தானே தண்டனை கொடுத்துக்கொண்ட இந்த மனிதரை எந்த அலுவலகத்திலும் மூன்று நாளுக்கு மேல் வைத்திருக்க மாட்டார்கள்.

படத்தை வைக்க அட்டைப் பெட்டி. அதையும் தானே செய்வார். பல பெட்டிகளுக்குள் அன்றைய தேதியிட்ட உள்ளூர்ச் செய்தித்தாளின் ஒரு துண்டு ஒட்டியிருக்கும். அப்புறம் பதிவேடு: இந்தத் தேதிக்கு இந்த அளவு, இந்த நிறம் என்று நிறத்தின் துணுக்கோடு சேர்த்துக் குறிப்பு. அப்புறம் நூறாண்டுக் காலண்டர் ஒன்று. வாழ்ந்த ஒவ்வொரு நாளுக்கும் மஞ்சள் புள்ளி, படம் வரைந்த நாளுக்குப் பச்சை, ஒன்றுக்கு மேல் வரைந்தால் சிவப்பு. படங்களுக்கு எட்டு அளவுகள் வைத்திருந்தார். சின்னது 8-க்கு 10 அங்குலம். பெரியது அஞ்சடி உயரமும் கிட்டத்தட்ட ஏழரை அடி அகலமும். 1969 ஜூலையில் அப்போலோ 11 கிளம்பிய 16, நிலாவில் இறங்கிய 20, மறுநாள் 21 ஆகிய மூன்று தேதிகளையும் அந்தப் பெரிய அளவில் வரைந்தார். மனிதன் நிலாவில் கால் வைத்த செய்திக்கு உலகம் முழுக்கக் கவிதை எழுதிக் குவித்தபோது, கவாரா தன் பரவசத்தை எழுத்தின் அளவைக் கூட்டிக் காட்டினார்.

எந்த நாட்டில் இருக்கிறாரோ அந்த நாட்டு மொழியில் மாதத்தின் பெயர். அந்த மொழிக்கு ரோமன் எழுத்து இல்லையென்றால் எஸ்பெராண்டோ. இதன் விளைவைக் கவனியுங்கள். ஜப்பானில் பிறந்து வளர்ந்தவர், ஜப்பானுக்குத் திரும்பிப் போய், ஜப்பான் மண்ணில் உட்கார்ந்துகொண்டு, எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத ஒரு மொழியில் தேதி எழுதினார். தாய்மொழிப் பற்றாளர்கள் இவரை விட்டுவைத்ததற்கு, அவர் எங்கே இருக்கிறார் என்று தெரியாததைத் தவிர வேறு காரணம் இருக்க முடியாது.

1966-லிருந்து 2013 வரை கிட்டத்தட்ட 3000 படங்கள், 112-க்கும் மேற்பட்ட நகரங்களில். தினமும் வரைந்தார் என்று பலபேர் பக்தியோடு சொல்வார்கள். கணக்குப் போட்டால் வருஷத்துக்கு அறுபது சொச்சம் படம்தான் வருகிறது. மீதி முந்நூறு நாள் விடுமுறை. விதிவிலக்காக 1970-ல் ஜனவரி முதல் மார்ச் வரை மூன்று மாதம் ஒரு நாள் விடாமல் வரைந்திருக்கிறார். அந்தத் தொடரில் மட்டும் 97 படங்கள். ஆரம்பகாலத்தில் ஒவ்வொரு படத்துக்கும் ஒரு துணைத்தலைப்பும் வைப்பதுண்டு. பெரும்பாலும் பேப்பரில் வந்த செய்தி, எப்போதாவது சொந்த விஷயம். 1966 மே 29 படத்துக்கு வைத்தது, தன்னுடைய தேதி ஓவியங்களைக் கண்டு தனக்கே பயமாயிருக்கிறது என்பது. ஆரம்பித்து ஐந்து மாதம்கூட ஆகவில்லை. அந்தப் பயத்தோடுதான் மேலும் 46 வருஷம் ஓட்டினார்.

1968 மே மாதம் மெக்ஸிகோவில் இருந்தபோது கார்டு போட ஆரம்பித்தார். சுற்றுலாப் பயணிகள் வாங்குகிற படக் கார்டு, தினம் இரண்டு, இரண்டு பேருக்கு. முன்பக்கம் ஊரின் பெருமை: கோபுரம், பாலம், சிலை. பின்பக்கம் ரப்பர் முத்திரையில் ஒரே வரி, இன்ன மணி இன்ன நிமிஷத்துக்கு எழுந்தேன். தேதி, தன் பெயர், தங்கியிருக்கும் முகவரி, பெறுபவர் முகவரி, எல்லாமே முத்திரை. கையெழுத்து கிடையாது. நலம், நலமறிய ஆவல் கிடையாது. எழுந்த நேரம் எட்டாகவும் இருக்கும், உச்சிவெயில் தாண்டியும் இருக்கும். உள்முகத் தேடலில் மூழ்கிய மகானின் துயில் எழும் நேரம் என்று ஆய்வாளர்கள் அதை அட்டவணை போடலாம். நம் வீட்டுப் பாட்டிகள் அந்தக் கார்டைப் பார்த்தால் வேறு மாதிரி சொல்வார்கள்.

ஒரு மாதம் தொடர்ந்து இந்தக் கார்டுகளை வாங்கியவரின் நிலைமையை நினைத்துப் பார்க்கிறேன். முதல் நாள் மகிழ்ச்சி. இரண்டாம் நாள் குழப்பம். ஒரு வாரத்தில் கோபம். இரண்டாவது வாரத்தில் தபால்காரருக்கே அக்கறை வந்திருக்கும்: “என்ன சார், உங்க ஃப்ரெண்டு இன்னிக்கு லேட்டா எழுந்திருக்காரு, உடம்பு கிடம்பு சரியில்லையா?” இன்று நாமெல்லாம் கைபேசியில் இதைத்தானே செய்கிறோம், கவாரா அன்றே செய்துவிட்டார் என்று சிலாகிப்பது இப்போது வழக்கமாகிவிட்டது. நான் ஒப்புக்கொள்ளமாட்டேன். நாம் ஒன்றைப் போட்டுவிட்டு யார் யார் பார்த்தார்கள் என்று ராத்திரி முழுக்கத் திறந்து திறந்து பார்க்கிறோம். அவர் கார்டைப் பெட்டியில் போட்டுவிட்டு அடுத்த வேலையைப் பார்த்தார்.

அடுத்த வேலை என்பது அன்றைக்குச் சந்தித்த ஆட்களின் பெயர்களை, சந்தித்த வரிசையில், தட்டச்சு செய்வது. பெயர் மட்டும்தான். என்ன பேசினார்கள், சண்டையா சமாதானமா, கடன் கேட்டார்களா என்ற விவரம் இராது. வீட்டிலேயே இருக்கிற மனைவியின் பெயரும் நாள் தவறாமல் பட்டியலில் ஏறும். அதையும் முடித்துவிட்டு நகர வரைபடத்தின் நகலில் அன்று நடந்த வழியைச் சிவப்பு மையால் இழுப்பார். எழுந்தது, சந்தித்தது, போனது என்று இந்த மூன்றும் பின்னாளில் தலைக்குப் பன்னிரண்டு தொகுதிகளாகப் புத்தகமாயின. ஒரு துப்பறியும் நிபுணரை அமர்த்தினால்கூட இவ்வளவு ஒழுங்காக ஒருவரைப் பின்தொடர மாட்டார். கவாரா கவாராவையே பின்தொடர்ந்தார், பதினோரு வருஷம், ஒரு துப்பும் கிடைக்கவில்லை.

இனி தந்திக்கு வருவோம். நம் ஊர்களில் வாசலில் ‘தந்தி’ என்று குரல் கேட்டால், பிரிப்பதற்கு முன்பே வீட்டுக்குள் அழுகை ஆரம்பித்துவிடும். வேறு எதற்கு வரும் தந்தி? அந்தப் பழக்கத்தில் வளர்ந்தவர்களுக்குக் கவாராவின் கதை இன்னும் கொஞ்சம் கூடுதலாகவே விளங்கும். 1970-ல் பாரிஸில் நடக்கவிருந்த ஒரு கண்காட்சிக்கு மிஷெல் கிளோரா என்பவர் இவரை அழைத்திருந்தார். கவாரா 1969 டிசம்பரில் மூன்று தந்திகள் அனுப்பினார். டிசம்பர் 5: ‘தற்கொலை செய்துகொள்ளப் போவதில்லை, கவலைப்படாதீர்கள்.’ 8-ம் தேதி: ‘தற்கொலை செய்துகொள்ளப் போவதில்லை, கவலைப்படுங்கள்.’ 11-ம் தேதி: ‘தூங்கப் போகிறேன், விட்டுத்தள்ளுங்கள்.’ கண்காட்சிக்கு அவர் கொடுத்த படைப்பு இதுதான். சுவரில் ஆணி அடிக்கக் காத்திருந்தவருக்கு அந்த ஒரு வாரம் எப்படிக் கழிந்திருக்கும் என்று கலை வரலாறு எழுதுகிறவர்கள் யோசிப்பதே இல்லை.

அடுத்த மாதத்திலிருந்து சேதி நிலைபெற்றுவிட்டது: நான் இன்னும் உயிரோடு இருக்கிறேன். 1970 பிப்ரவரியில் சால் லெவிட் என்ற ஓவியருக்குப் போனது இன்று நியூயார்க்கின் நவீன கலை அருங்காட்சியகத்துக்காரர்கள் காட்டிப் பெருமைப்படுகிற பொருள். இப்படி நண்பர்கள், சேகரிப்பாளர்கள், அருங்காட்சியகக்காரர்கள் என்று முப்பது வருஷத்தில் ஏறத்தாழ 900 தந்திகள். பென்ஷன் வாங்குகிற நம் பெரியவர்கள் வருஷா வருஷம் கருவூலத்தில் போய் நின்று லைஃப் சர்டிபிகேட் கொடுக்கிறார்களே, அந்த வேலைதான். இவருக்குப் பென்ஷனும் கிடையாது, சர்டிபிகேட் கேட்டவரும் கிடையாது என்பது ஒன்றுதான் வித்தியாசம். கருவூலத்தில் உள்ள ஓட்டை இதிலும் உண்டு. தந்தி கொடுக்கும்போது ஆள் இருந்தார் என்பது நிச்சயம். கையில் வந்து சேரும்போது இருக்கிறாரா என்றால், யார் கண்டது? எழுதும்போது பொய்யாக இருக்கவே முடியாத, படிக்கும்போது உண்மை என்று சொல்லவே முடியாத ஒரு வாக்கியத்தைப் பிடித்துவிட்டார் மனிதர். அதற்கு அவர் செலவழித்தது ஆங்கிலத்தில் நாலே வார்த்தை. வார்த்தைக்கு இவ்வளவு என்று காசு வாங்குகிற சேவையில் இதைவிடச் சிக்கனமாகத் தத்துவம் பேச முடியாது.

அமெரிக்காவில் வெஸ்டர்ன் யூனியன் 2006-ல் தந்தியை நிறுத்தியது. நம் பி.எஸ்.என்.எல். 2013 ஜூலையில் மூட்டை கட்டியது. அதாவது தந்தி செத்தபோது கவாரா உயிரோடு இருந்தார்.

கார்டு விவகாரம் முடிந்த விதம் வேறு. 1979 செப்டம்பரில் ஸ்டாக்ஹோமில் அவருடைய கைப்பெட்டியை யாரோ அடித்துக்கொண்டு போய்விட்டார்கள். உள்ளே ரப்பர் முத்திரைகள். பணம் இருக்கும் என்று ஆசையோடு பெட்டியைத் திறந்த அந்தத் திருடன், ‘எழுந்தேன்’ என்ற முத்திரையை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்திருப்பான், பாவம். எந்த ஊர்க் கடைவீதியிலும் சில்லறைக் காசுக்குப் புது முத்திரை செய்துகொள்ளலாம். கவாரா செய்யவில்லை. எழுந்தது, சந்தித்தது, போனது மூன்றையும் அந்த மாதத்தோடு நிறுத்திவிட்டார். விமர்சகர்கள் வாய் வலிக்கப் பேசியும் நிற்காத ஒரு கலைத் தொடரை, ஒரு வார்த்தை பேசாமல் முடித்துவைத்த பெருமை பெயர் தெரியாத அந்த ஸ்வீடன் திருடனுக்கு.

நாள் கணக்கு சின்னதாகப் பட்டதோ என்னவோ, நடுவில் ஆண்டுக் கணக்கிலும் இறங்கினார். ‘பத்து லட்சம் ஆண்டுகள்.’ முதல் பகுதி 1970-லும் 71-லும் செய்தது, கி.மு. 998031-லிருந்து கி.பி. 1969 வரை. எண்கள் மட்டும். பக்கத்துக்கு 500 ஆண்டு, தொகுதிக்கு 200 பக்கம், மொத்தம் பத்துத் தொகுதி. வாழ்ந்து மறைந்த எல்லாருக்கும் இதைச் சமர்ப்பித்தார். அடுத்த பகுதி எதிர்காலம், 1993-லிருந்து 1001992 வரை. அது கடைசியாக மிஞ்சப்போகிறவருக்குச் சமர்ப்பணம். புத்தகம் போட்டுவிட்டு வாசகர் பிறக்கப் பத்து லட்சம் வருஷம் காத்திருக்கத் தயாராயிருந்த எழுத்தாளர் வேறு யாரும் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. நம் பதிப்பாளர்களுக்கு முன்னூறு பிரதி விற்கப் பத்து வருஷம் ஆனாலே முகம் மாறிவிடுகிறது.

முதல் பகுதியைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். 2000 பக்கம். இயேசு பிறந்ததிலிருந்து மனிதன் நிலாவுக்குப் போனதுவரை கடைசி நாலு பக்கத்துக்குள் அடங்கிவிடுகிறது. புத்தருக்காக அதற்கு முந்தின பக்கத்தையும் சேர்த்துக்கொள்ளலாம். கொலம்பஸ், ஷேக்ஸ்பியர், நெப்போலியன், நீராவி எஞ்சின், இரண்டு உலகப் போர், எல்லாம் ஒரே பக்கம், கடைசிப் பக்கம். அதில் 1945 என்று ஓர் எண் இருக்கிறது. 1944-க்கும் 1946-க்கும் நடுவில், அதே எழுத்து, அதே இடைவெளி. மற்ற 1990-க்கும் மேற்பட்ட பக்கங்களில் ஏறக்குறைய எல்லாவற்றிலும் நாம் பெயர் சொல்லக்கூடிய ஒருவரும் கிடையாது. குகையில் மாடு வரைந்தவர்கள்கூட முடிவுக்குச் சற்று முன்னால்தான் எங்கேயோ இருக்கிறார்கள். பன்னிரண்டு வயதில் ஓர் ஊர் ஒரே காலையில் இல்லாமல் போன செய்தியைக் கேட்ட பையன், வளர்ந்து, தினமும் எழுந்ததையும் சாகாததையும் பதிவுத் தபால் மாதிரி ஒருவர் விடாமல் ஊருக்கெல்லாம் தெரிவித்துக்கொண்டிருந்தான் என்றால் அதில் எனக்கு ஜென் தெரியவில்லை. உயிரோடு இருப்பதை அவர் கொஞ்சமும் நம்பவில்லை என்றுதான் தெரிகிறது.

ஜென் என்றதும் நினைவு வருகிறது. மேற்கத்திய விமர்சகர்களிடம் ஒரு சௌகரியமான சூத்திரம் உண்டு. ஜப்பான்காரர் பேசாமல் இருந்தால் ஜென். பிரெஞ்சுக்காரர் பேசாமல் இருந்தால் இருத்தலியல். நம்மவர் பேசாமல் இருந்தால் திமிர்.

அந்தப் பத்து லட்சத்தைச் சும்மா அலமாரியில் வைக்கவில்லை. 1993-ல் நியூயார்க்கின் டியா கலை மையத்தில் தொடங்கி, ஓர் ஆணும் ஒரு பெண்ணும் உட்கார்ந்து ஆண்டுகளை மாறி மாறி உரக்கப் படிக்கிறார்கள். 2002-ல் ஜெர்மனியின் காசெலில் டாக்குமென்டா கண்காட்சியில் கண்ணாடிக் கூண்டுக்குள் படித்தார்கள். 2004-ல் லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்தில் ஏழு நாள், இரவும் பகலும், விடாமல். நெல்சன் தூணுக்குக் கீழே, பஸ்சுக்கு ஓடுகிற கூட்டத்துக்கு நடுவில், தொண்டை கட்டிய தன்னார்வலர்கள் எண் சொல்லிக்கொண்டிருந்தார்கள். அங்கேயும் கவாரா முகத்தைக் காட்டவில்லை. கூட்டத்தில் ஒருவராக நின்று கேட்டிருந்தாலும் யாருக்கு அவரை அடையாளம் தெரியப்போகிறது?

விமர்சகர்களை அவர் ஒரேயொரு முறை நேரடியாகக் கையாண்டார் என்று நான் நினைப்பது 1998-க்குப் பிறகு. 1997 ஜனவரி 1 முதல் 7 வரையிலான ஏழு தேதி ஓவியங்களை எடுத்து, உலகம் முழுக்க உள்ள மழலையர் பள்ளிகளின் வகுப்பறைகளில் மாட்டச் செய்தார். ஆஸ்திரேலியா, பூடான், மடகாஸ்கர் என்று படங்கள் பயணம் போயின. விளக்கக் குறிப்பு கிடையாது, உரை கிடையாது, கலை ரசிகர்களுக்கு அழைப்பும் கிடையாது. நாலு ஐந்து வயதுப் பிள்ளைகள் அதன் கீழே உட்கார்ந்து படம் கீறி, மதியம் தூங்கி, மூக்கு ஒழுகி, வீட்டுக்குப் போனார்கள். தேதியைக் கூடப் படிக்கத் தெரியாத பார்வையாளர்கள். காலம், இருப்பு, சூனியம் என்று ஒருவரும் சொல்லவில்லை.

2014-ல் கவாரா நியூயார்க்கில் காலமானார். சேதி ஜூலையில்தான் வெளியே வந்தது. எந்தத் தேதி என்று சொல்லவில்லை. வாழ்நாள் முழுக்கத் தேதியை வரைந்தவருக்கு இறந்த தேதி இல்லை! பிறகு குறிப்பில் அந்த எண் வந்தது: 29771 நாட்கள். பிறந்த தேதி தெரிந்தவர்கள் காகிதம் பென்சில் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். நான் போட்ட கணக்கில் ஜூன் 27 வருகிறது. இரங்கல் குறிப்பைக் கூட்டல் கணக்காகக் கொடுத்த குடும்பத்துக்கு அவருடைய நகைச்சுவை பழகியிருக்கவேண்டும். உயிரோடிருந்தபோது அவரும் சேர்ந்து திட்டமிட்ட பெரிய கண்காட்சி 2015 பிப்ரவரியில் கூகன்ஹைம் அருங்காட்சியகத்தில் திறந்தது. பெயர் ‘மௌனம்’. வழக்கம்போல் திறப்பு விழாவுக்கு அவர் வரவில்லை.

டிவிட்டரில் அவர் பெயரில் வேறொருவர் ஏற்படுத்திய ஒரு தானியங்கிக் கணக்கு இருந்தது. நாள்தோறும் ‘நான் இன்னும் உயிரோடு இருக்கிறேன்’ என்று அது பதிவிடும். ஆள் போனபிறகும் அது நிறுத்தவில்லை. யாரும் அதற்குத் துட்டிச் சேதி சொல்லவில்லை.

தேதி ஓவியங்களை ஏலம் விடுகிற கடைகளுக்கு அதன்பின் நல்ல வியாபாரம். 2014-லேயே ஒரு படம் 40 லட்சம் டாலருக்கு மேல் போனது. ஒரே நாளில் வரைந்து முடித்த படம், நள்ளிரவுக்கு முன். தேதி 1987 மே 1. தொழிலாளர் தினத்தன்று உட்கார்ந்து வேலை பார்த்ததற்கான ஓவர்டைம், 27 வருஷம் தாமதமாக, படத்தை விற்ற யாரோ ஒருவருடைய கணக்கில் போய்ச் சேர்ந்தது.